யார் வீட்டுக் குற்றம்? மர்மப் படத் தழுவல்கள் குறித்துச் சில எண்ணங்கள்

பெரம்பலூர் மாவட்டத்துச் செட்டிகுளத்தை வெளியூரார் இரண்டு காரணங்களால் அறிவர். ஒன்று, மலைமேல் கையில் கரும்பேந்தி நிற்கும் தண்டாயுதபாணி; மற்றொன்று, அவ்வட்டாரத்துச் சின்ன வெங்காயம். எங்களுக்கு மூன்றாவதாக ஒரு காரணமும் உண்டு. நூல்களையும் பழைய திரைப்படங்களையும் பற்றிப் பேசுவதற்கென்று அவ்வப்போது கூடும் எங்களுக்கு, அவ்வூர் நண்பர் ஒருவரின் மொட்டைமாடியே பல ஆண்டுகளாக மன்றம். வெள்ளைச் சுவரே திரை. வெங்காயச் சாக்குகளே இருக்கை. நாங்கள் நான்கைந்து பேர் பார்க்கத் தொடங்கினால், அரைமணி நேரத்தில் அக்கம்பக்கத்தார் பத்துப் பன்னிருவர் வந்து சேர்வது வழக்கம்.

அண்மையில் அங்கே அடுத்தடுத்து இரண்டு இரவுகள் இரண்டு படங்களைப் பார்த்தோம். முதலாவது, ஜார்ஜ் பொல்லாக் இயக்கத்தில் 1965இல் வெளிவந்த பிரித்தானியப் படமான 'டென் லிட்டில் இண்டியன்ஸ்'. இரண்டாவது, வீணை எஸ். பாலசந்தர் இயக்கி 1970இல் வெளிவந்த 'நடு இரவில்'. இரண்டுக்கும் மூலம் ஒன்றே என்பது பலரும் அறிந்த செய்தி. அகதா கிறிஸ்டி 1939இல் எழுதிய, 'அண்ட் தென் தேர் வேர் நன்' என்று இன்று வழங்கும் நாவலே அது. முன்னது நாவலை நேரடியாகத் திரைக்குக் கொண்டுவந்தது. பின்னது அதன் கருவை மட்டும் எடுத்துக்கொண்டு தன் வழியே சென்றது.

பிரித்தானியப் படத்தில் ஒரு விந்தையான உத்தி உண்டு. கதையின் உச்சத்துக்குச் சற்று முன்பு படம் நிற்கிறது. திரையில் கடிகாரம் ஒன்று ஓட, அதுவரை நடந்த கொலைகள் மீண்டும் காட்டப்பட்டு, குற்றவாளி யார் என்று ஊகிக்க அவையோருக்கு ஒரு நிமிடம் தரப்படுகிறது. முதல் இரவில் அந்த ஒரு நிமிடத்தை நாங்கள் நன்றாகவே பயன்படுத்திக்கொண்டோம். யார் எந்த அறையில் இருந்தார், யாருக்கு வாய்ப்பு இருந்தது, யார் மாடிப்படியில் தனியே சென்றார் என்று கணக்குப் போட்டோம். கணக்கு வாத்தியார் வகுப்பில் உட்கார்ந்திருந்தது போலவே இருந்தது.

இரண்டாம் இரவில் 'நடு இரவில்' பாதிக்குமேல் ஓடிக்கொண்டிருந்தபோது மின்சாரம் நின்றது. பாலசந்தர் வைக்காத இடைவேளையை மின்சாரம் வைத்தது. ஒரு நிமிடமன்று, முக்கால் மணி நேரம். இருட்டில் இருந்தபடியே எல்லோரும் குற்றவாளியைத் தேடத் தொடங்கினோம். ஆனால் இம்முறை எவரும் அறைகளையோ மாடிப்படியையோ எண்ணவில்லை. "யாரு ரொம்ப அக்கறையா நலம் விசாரிக்கிறாங்களோ, அவங்க மேலதான் எனக்குச் சந்தேகம்" என்றார் பக்கத்து வீட்டு அம்மையார். "சொத்து யாருக்குப் போவும்னு பாருங்க, கத அங்கதான் முடியும்" என்றார் ஒருவர். மூலையில் பேசாமல் அமர்ந்திருந்த பெரியவர் ஒருவர் கடைசியாகச் சொன்னதுதான் இக்கட்டுரைக்கு வித்து.

"ஏந்தம்பி, நேத்து வெள்ளக்காரன் படத்துல செத்ததெல்லாம் யாரோ எவரோ. ஒருத்தனுக்கு ஒருத்தன் மொகந் தெரியாது. இதுல சாவுறதெல்லாம் பங்காளியில்ல? அதனாலதான் இன்னைக்குப் பயமா இருக்கு."

அன்றிரவு வீடு திரும்பும்வரை அச்சொற்களையே பேசிக்கொண்டிருந்தோம். ஏனெனில், இலக்கிய வாசகர்களாகிய நம்மிடையே மர்மப் படங்களைக் குறித்து இரண்டு ஏளனங்கள் வேரூன்றிக் கிடக்கின்றன. ஒன்று, 'வெறும் துப்பறியும் கதைதானே' என்பது. மற்றொன்று, 'ஆங்கிலப் படத்தின் நகல்தானே' என்பது. இவ்விரு ஏளனங்களையும் ஒரு பெரியவர் ஒரே மூச்சில் தகர்த்துவிட்டார் என்றே நாங்கள் கருதுகிறோம். ஒரு தழுவலை மதிப்பிடும்போது அது எங்கிருந்து எடுக்கப்பட்டது என்ற கேள்வியோடு நின்றுவிடலாகாது. எடுத்த கதையில் குற்றத்தைக் கொண்டுபோய் யார் வீட்டில் வைத்தார்கள் என்றும் கேட்டாக வேண்டும். தழுவலின் தரம் அந்த இரண்டாம் கேள்வியில்தான் வெளிப்படுகிறது.

தமிழில் மர்மக் கதையே தழுவலாகத்தான் பிறந்தது என்பதை முதலில் ஒப்புக்கொள்வோம். ஆரணி குப்புசாமி முதலியார் ஆங்கில நாவல்களைத் தழுவித் தழுவியே ஒரு நூலகம் நிறையும் அளவுக்கு எழுதியவர். ஜே. ஆர். ரங்கராஜுவின் துப்பறியும் கோவிந்தனும், வடுவூர் கே. துரைசாமி ஐயங்காரின் திகம்பர சாமியாரும் அக்கால வாசகர் வீடுகளில் உறவினரைப் போலப் பழகியவர்கள். இவர்களின் நாவல்கள் பேசும்படம் வந்த சில ஆண்டுகளிலேயே திரைக்கும் வந்துவிட்டன. வடுவூராரின் 'மேனகா' 1935இல் படமாயிற்று. அவருடைய 'திகம்பர சாமியார்' 1950இல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரிப்பாக, டி. ஆர். சுந்தரத்தின் இயக்கத்தில் வந்தது. பிற்காலத்தில் வில்லனாகவே அறியப்பட்ட எம். என். நம்பியார் அதில் பல மாறுவேடங்கள் பூண்டு துப்பறிவாளராக நடித்தார். நாவலிலிருந்து எடுக்கப்பட்ட மர்மப் படம் என்பது பிரித்தானியருக்கு மட்டுமே உரிய செல்வமன்று. நம்மிடமும் அது இருந்தது. நாம்தான் அதைப் பரணில் போட்டுவிட்டோம்.

இவ்விடத்தில் புதுமைப்பித்தனின் எதிர்ப்பை நினைவுகூராமல் செல்வது நேர்மையாகாது. தழுவலை அவர் அறவே ஏற்கவில்லை. அயல்மொழிப் படைப்பைத் தமிழுக்குக் கொணர வேண்டுமாயின் மொழிபெயர்ப்பே முறை, ஊர் பேர்களை மாற்றிப் பூச்சூட்டுவது முறையன்று என்பது அவர் வாதம். அச்சில் வரும் கதைக்கு அவ்வாதம் முழுதும் பொருந்தும் என்பதே எங்கள் கருத்தும். லண்டன் தெருவை மயிலாப்பூர் மாடவீதி என்று மாற்றி எழுதுவதால் லண்டனும் கிட்டுவதில்லை, மயிலாப்பூரும் கிட்டுவதில்லை.

ஆனால் திரைப்படத்தின் நிலை சற்று வேறு. நாவலை மொழிபெயர்க்கலாம், படத்தை அவ்வாறு மொழிபெயர்க்க இயலாது. நடிகரின் முகம், வீட்டின் அமைப்பு, ஒருவரை ஒருவர் விளிக்கும் முறை, துக்க வீட்டில் எவர் எங்கே அமர்வர் என்பது வரை அனைத்தையும் புதிதாகத்தான் படைக்க வேண்டும். நாவலைப் படமாக்குவோர் தம் சொந்த மொழியிலேயே எடுத்தாலும் மாற்றாமல் இருப்பதில்லை என்பதற்குக் கிறிஸ்டியின் இந்நாவலைவிடச் சிறந்த சான்று வேண்டியதில்லை.

நாவலின் கதையை அறியாதோருக்காகச் சுருங்கச் சொல்வோம். ஒருவரை ஒருவர் அறியாத பத்துப் பேர் இங்கிலாந்தின் தென்மேற்குக் கரையை அடுத்த ஒரு தீவுக்கு அழைக்கப்படுகின்றனர். அழைத்தவர் அங்கே இல்லை. முதல் நாள் இரவு உணவுக்குப் பின் இசைத்தட்டில் ஒரு குரல் ஒலிக்கிறது. ஒவ்வொருவரும் ஓர் உயிரைப் பறித்தவர் என்றும், சட்டம் அவரைத் தொட இயலவில்லை என்றும் அக்குரல் குற்றஞ்சாட்டுகிறது. அதன்பின் ஒரு குழந்தைப் பாடலின் வரிசைப்படி அவர்கள் ஒவ்வொருவராக இறக்கின்றனர். எவரும் மிஞ்சுவதில்லை. இதைச் சொல்வதால் மர்மம் கெடாது. நாவலின் இன்றைய பெயரே அதைத்தான் சொல்கிறது.

இதில் எங்களை ஆட்கொள்வது கொலையாளி யார் என்னும் புதிரன்று. இறப்பின் வரிசைக்கு அடியில் ஓர் அறக்கணக்கு இருக்கிறது. குற்றம் இலேசானவர் முதலில் போகிறார். குற்றம் கனத்தவர் அச்சத்தை நீண்டநேரம் சுமந்தபின் போகிறார். சாவைக் காட்டிலும் காத்திருப்பதே பெரிய தண்டனை என்னும் கொடிய எண்ணத்தின்மேல் முழு நாவலும் கட்டப்பட்டிருக்கிறது. 'வெறும் துப்பறியும் கதை' என்போர் இக்கணக்கைக் கவனித்ததே இல்லை போலும்.

1943இல் இந்நாவலை மேடை நாடகமாக்கியபோது கிறிஸ்டியே முடிவை மாற்றினார். போர்க்காலத்து லண்டனில் மேடையில் பத்துப் பேரும் மாண்டால் அவை தாங்காது என்பதாலோ என்னவோ, நாடகத்தில் இருவர் உயிர் பிழைத்துக் காதலராகின்றனர். 1945இல் ரெனே கிளேர் ஹாலிவுட்டில் எடுத்த படமும் நாடகத்தின் முடிவையே பின்பற்றியது. பொல்லாக்கின் 1965ஆம் ஆண்டுப் படமும் அவ்வாறே. அதிலும் தீவு மறைந்து பனிமலை உச்சியில் ஒரு மாளிகை வருகிறது. அதை அடையக் கம்பிவட ஊர்தி. நாவலில் ஒலித்த இசைத்தட்டுக்கு மாறாக ஒலிநாடா ஒலிக்கிறது. குற்றஞ்சாட்டும் அக்குரல் கிறிஸ்டோபர் லீயுடையது, ஆயினும் பெயர்ப் பட்டியலில் அவர் பெயர் இல்லை. நாயகனும் நாயகியும் மெய்யாகவே குற்றமற்றவர் என்று ஆகிவிட்டபின், மூலத்தின் அறக்கணக்கு தானே கலைந்துவிடுகிறது. எஞ்சுவது ஒரு நிமிடக் கடிகாரமும், விறுவிறுப்பான ஒரு புதிரும்தான். படம் சுவையானதே. டென்னிஸ் பிரைஸ், வில்ஃபிரிட் ஹைட்-வைட் போன்றோர் உரையாடும்போது கேட்டுக்கொண்டே இருக்கலாம். எனினும் நாவலின் உயிர் அதில் இல்லை.

நாவலின் முடிவை அஞ்சாது அப்படியே திரையில் காட்டியவர் எவர் தெரியுமோ? 1987இல் சோவியத் நாட்டில் படமெடுத்த ஸ்தனிஸ்லாவ் கோவருகின். பிறந்த மண் கைவிட்ட முடிவை அயலான் ஒருவன் காத்தான். 'அயல்நாட்டுக் கதையை நாம் எடுத்தால் கெடுத்துவிடுவோம்' என்று எண்ணித் தாழ்வுறுவோர் இதை ஒருமுறை எண்ணிப் பார்க்க வேண்டும்.

இனி 'நடு இரவில்'. நாற்புறமும் நீர் சூழ்ந்த ஒரு தீவு மாளிகையில் செல்வந்தர் தயானந்தம் வாழ்கிறார். அவ்வேடத்தில் மேஜர் சுந்தரராஜன். அவர் மனைவி பொன்னி மனம் பிறழ்ந்தவர், அவ்வேடத்தில் பண்டரிபாய். தயானந்தத்தின் நாட்கள் எண்ணப்பட்டுவிட்டன என்று அறியும் மருத்துவர், விலகியிருக்கும் உறவினரை அழைப்பிக்கிறார். மருத்துவராக நடிப்பவர் பாலசந்தரே. சௌகார் ஜானகி, சோ முதலியோரும் படத்தில் உண்டு. உறவினர் வந்து கூடுகின்றனர். பின்னர் ஒவ்வொருவராக மடிகின்றனர். இதற்குமேல் கதையைச் சொல்லமாட்டோம்.

மாற்றம் எங்கே நிகழ்ந்தது என்பதைப் பார்க்கலாம். கிறிஸ்டியிடம் அழைத்தவர் முகமற்றவர். அழைக்கப்பட்டோர் ஒருவருக்கொருவர் அந்நியர். பாலசந்தரிடம் அழைத்த வீட்டுக்காரர் கண்முன்னே இறந்துகொண்டிருப்பவர். அழைக்கப்பட்டோர் அவர் இரத்த உறவினர். கிறிஸ்டியின் பாத்திரங்கள் தம் பழைய குற்றத்தை ஒளிக்கின்றனர். பாலசந்தரின் பாத்திரங்கள் ஒளிக்க வேண்டியது அதனினும் எளியது, அதனினும் அருவருப்பானது. நோயாளியின் கட்டிலருகே நிற்கும்போது உள்ளே எழும் கணக்கையே அவர்கள் ஒளிக்க வேண்டியிருக்கிறது. பத்து அந்நியரின் கதையை ஒரு குடும்பத்தின் கதையாக்கியது வெறும் ஊர் பேர் மாற்றமன்று. அச்சத்தின் இருப்பிடத்தையே அது மாற்றிவிட்டது.

தனித்து ஒரு மலையிலோ தீவிலோ அந்நியரோடு அகப்பட்டுக்கொள்வது ஆங்கிலேய நடுத்தர வகுப்பின் கெட்ட கனவு. நமக்கு அக்கனவு வராது. பேருந்தில் பக்கத்து இருக்கைக்காரரிடம் பத்து நிமிடத்தில் ஊர், குலம், பிள்ளைகள் வரை விசாரித்துவிடும் நாட்டில் அந்நியர் என்று எவரும் நெடுநேரம் இருப்பதில்லை. நமக்கு அச்சம் வருவது வேறிடத்திலிருந்து. கிணற்றுப் பங்கு, வரப்புத் தகராறு, பாகப் பிரிவினைப் பத்திரத்தில் எவர் கையொப்பம் விடுபட்டது என்னும் வினா, கல்யாண வீட்டில் பந்தியில் அமராது திரும்பிய மாமன் ஆகியவைதான் இங்கே இரவில் தூக்கம் கெடுப்பவை. எனவேதான் செட்டிகுளத்து மொட்டைமாடியில் மின்சாரம் நின்றபோது எவரும் மாடிப்படியை எண்ணவில்லை, சொத்தை எண்ணினர். நாவலில் கிறிஸ்டி தம் மக்களை எந்த இடத்தில் தொட்டாரோ, நம்மை அதற்கு நிகரான இடத்தில் தொட வேண்டுமானால் கதை அந்நியரை விட்டுப் பங்காளியிடம் வந்தே தீர வேண்டும். பாலசந்தர் அதை அறிந்திருந்தார்.

படத்தில் குறைகள் உண்டு. நகைச்சுவை சில இடங்களில் அச்சத்தை ஆறவைத்துவிடுகிறது. மனநோயை அச்சமூட்டும் கருவியாகக் கையாளும் பழக்கத்துக்கு இப்படமும் விலக்கன்று. பொன்னியின் துயரைத் துயராகக் காண்பதற்கு முன்பே நம்மை அவரைக் கண்டு அஞ்சவைக்கிறது. இன்றைய கண்களுக்கு அது உறுத்துகிறது, உறுத்தவும் வேண்டும். இவற்றை எல்லாம் சொன்ன பிறகும், மூலத்தின் உயிரை உடல் மாற்றிக் காத்த படம் என்றே இதைச் சொல்வோம். பனிமலைப் படத்தைக் காட்டிலும் இத்தீவுப் படமே நாவலுக்கு நெருக்கம்.

இதே அளவுகோலை இன்னொரு படத்தின்மேலும் வைத்துப் பார்ப்பது பொருந்தும். 'புதிய பறவை'யின் முடிவை இதுவரை அறியாதவர் எவரேனும் இருப்பின், அடுத்த மூன்று பத்திகளைத் தாண்டிச் செல்லுமாறு வேண்டுகிறோம்.

1958இல் மைக்கேல் ஆண்டர்சன் இயக்கிய 'சேஸ் எ குரூக்கட் ஷாடோ' என்னும் பிரித்தானியப் படத்தில், ஸ்பெயின் கடற்கரை மாளிகையில் தனித்து வாழும் ஒரு செல்வச் சீமாட்டியிடம், இறந்துபோன அவள் அண்ணன் தானே என்று சொல்லிக்கொண்டு ஒருவன் வருகிறான். ஆன் பாக்ஸ்டரும் ரிச்சர்ட் டாடும் நடித்தனர். இவன் என் அண்ணன் அல்லன் என்று அவள் கதற, ஊரே அவன்தான் என்கிறது. இறுதியில், தன் அண்ணன் இறந்தது தனக்கு எப்படித் தெரியும் என்பதை அவள் வாயாலேயே சொல்லிவிடுகிறாள். வந்தவர்கள் காவல்துறையினர். படம் முடிந்ததும் தயாரிப்பாளர் டக்ளஸ் ஃபேர்பேங்ஸ் ஜூனியர் திரையில் தோன்றி, முடிவை எவரிடமும் சொல்லாதீர் என்று கேட்டுக்கொள்வார்.

இக்கரு 1963இல் வங்காளத்தில் உத்தம் குமார் நடித்த 'சேஷ் அங்கா' ஆயிற்று. மறு ஆண்டே தாதா மிராசியின் இயக்கத்தில், சிவாஜி கணேசனின் சொந்தத் தயாரிப்பில் 'புதிய பறவை' ஆயிற்று. அண்ணன் மனைவியாக மாறினான், சீமாட்டி கோபாலாக மாறினாள், ஸ்பெயின் உதகமண்டலமாயிற்று. பிரித்தானியப் படத்தில் காவலரின் பொறி வெறும் பொறிதான். தமிழில் பொறியே காதலாகிறது. லதா துப்பறிய வந்தவள். ஆயினும் மெய்யாகவே அவனை விரும்பிவிடுகிறாள். குற்றத்தை வெளிக்கொணர்ந்த கணத்தில் அவளும் தோற்கிறாள். மூலத்தில் இல்லாத இந்த இரண்டாவது தோல்வியே படத்தை அரை நூற்றாண்டுக்குப் பின்னும் வாழவைக்கிறது.

ஆயினும் எங்கள் கேள்வியை இங்கும் விடுவதற்கில்லை. குற்றம் எங்கே வைக்கப்பட்டது? கோபால் மனைவியை அடித்தான். இதயநோய் கொண்ட அவள் அதில் இறந்தாள். அவன் உடலைத் தண்டவாளத்தில் கிடத்தி விபத்தாக்கினான். கதை அவன் கைகளை இயன்றவரை கழுவிவிடுகிறது. இறந்தவள் குடிப்பவள், அடங்காதவள் என்று முன்பே நம் மனத்தில் ஏற்றி, அவளுடைய சாவுக்கு நாம் அழாதபடி பார்த்துக்கொள்கிறது. நாயகன்மேல் நமக்கிருக்கும் அன்பு குலையலாகாது என்னும் கவலை, மனைவியை அடித்த கையைப் பற்றிய கேள்வியை விழுங்கிவிட்டது. சிவாஜியின் நடிப்பில் மனச்சாட்சியின் வேதனை மலையளவு எழுகிறது. அந்த வேதனை யாருக்காக என்று கேட்டால், சித்ராவுக்காக என்று சொல்ல நா எழவில்லை. 'நடு இரவில்' மூலத்தின் குற்றத்தை நம் வீட்டுக்கு அழைத்துவந்தது. 'புதிய பறவை' வீட்டு வாசல்வரை அழைத்துவந்துவிட்டு, உள்ளே விடாமல் பாட்டுப் பாடி அனுப்பிவிட்டது. மிகச் சிறந்த பாட்டுகள்தாம், மறுக்கவில்லை.

மூன்றாவது வழி ஒன்றும் உண்டு. கதையை எடாமல் வடிவத்தை மட்டும் எடுப்பது அது. 1954இல் ஏவி.எம். தயாரிக்க, பாலசந்தர் இயக்கிய 'அந்த நாள்' அவ்வகை. ஒரே நிகழ்வைப் பலர் பலவாறு சொல்லும் முறையை அவர் குரோசாவாவின் 'ரஷோமோன்' படத்திலிருந்து பெற்றார். ஆனால் கதையை நிறுத்திய இடம் 1943 அக்டோபரில் ஜப்பானியர் குண்டு வீசிய சென்னை. பாட்டும் நடனமும் இல்லாத படம். வசனம் ஜாவர் சீதாராமன். இதைப் பார்க்கும்போதெல்லாம் 1946இல் சிட்னி கில்லியட் இயக்கிய 'கிரீன் ஃபார் டேஞ்சர்' என்ற பிரித்தானியப் படம் எங்கள் நினைவுக்கு வருகிறது. கிறிஸ்டியானா பிராண்ட் எழுதிய நாவலின் படவடிவம் அது. பறக்கும் குண்டுகள் விழும் நாட்களில், ஒரு கிராமத்துப் போர்க்கால மருத்துவமனையின் அறுவை மேசையில் ஒருவர் இறக்கிறார். இரண்டு படங்களும் ஒன்றையொன்று அறியா. ஆயினும் இரண்டிலும், வானிலிருந்து சாவு விழும் ஊரில் ஒற்றை மனிதனின் சாவுக்கு மட்டும் ஏன் இத்தனை விசாரணை என்னும் வினா அடிநாதமாக ஒலிக்கிறது. அவ்வினாவுக்கு இரண்டும் தரும் விடையும் ஒன்றே: ஒற்றை உயிருக்குக் கணக்குக் கேட்பதை நிறுத்திவிட்டால், பின்னர் எதற்கும் கணக்குக் கேட்க இயலாது. மர்மக் கதை என்னும் வடிவத்தின் அறம் இதுவே. இதை இலக்கியமன்று என்று ஒதுக்குவோர் எதை இலக்கியம் என்பரோ, அறியோம்.

இனி ஒரு கசப்பான செய்தி. தழுவலுக்காக இத்தனை வாதாடும் நாங்கள், மூலத்தைச் சொல்லாமல் எடுப்பதற்கு ஒருபோதும் வாதாடமாட்டோம். புதுமைப்பித்தனின் சினத்தில் நிலைத்து நிற்க வேண்டிய பகுதி அதுதான். கடன் வாங்குவது இழிவன்று. வாங்கியதைச் சொல்லாமல் இருப்பதே இழிவு. அதில் அறத்தோடு கலைக்கும் ஓர் இழப்பு உண்டு. மூலத்தின் பெயரைச் சொல்லாதபோது, எதை மாற்றினோம் என்று சொல்லும் பெருமையும் நம்மை விட்டுப் போய்விடுகிறது. பத்து அந்நியரைப் பங்காளிகளாக்கிய பாலசந்தரின் துணிவை நாம் எங்கே கொண்டாடினோம்? 'ஆங்கிலக் கதையாம்' என்று ஒருவர் காதோடு சொல்ல, மற்றொருவர் 'அப்படியா' என்று உதட்டைப் பிதுக்க, அத்தோடு ஆய்வு முடிந்தது. இரகசியமாக வைக்கப்பட்ட மூலம் எப்போதும் நகல் என்றே கண்டுபிடிக்கப்படும். வெளிப்படையாகச் சொல்லப்பட்ட மூலமோ ஒப்பீட்டுக்கு அழைக்கும். ஒப்பீட்டில் நம் படங்கள் எல்லாம் தோற்றுவிடா என்பதே இக்கட்டுரையின் நம்பிக்கை.

மற்றொரு வருத்தமும் உண்டு. 'நடு இரவில்' எடுத்து முடிக்கப்பட்டபின் உடனே வெளிவரவில்லை. சில ஆண்டுகள் கழித்து 1970இல்தான் திரையரங்கைக் கண்டது. இன்றும் பழைய படங்களின் பட்டியல் போடுவோர் பாலசந்தர் என்றால் 'அந்த நாள்' என்று ஒன்றைச் சொல்லி நிறுத்திவிடுகின்றனர். பிரித்தானியர் தம் இரண்டாந்தர மர்மப் படங்களைக்கூடத் துலக்கிப் புதுப் பிரதி எடுத்து, கட்டுரை எழுதி, தலைமுறைக்குத் தலைமுறை கைமாற்றிக்கொள்கின்றனர். நாமோ முதல்தரமானவற்றையே மங்கிய பிரதியில், பாதி வசனம் கேளாமல் பார்த்துக்கொண்டிருக்கிறோம். எங்கள் மொட்டைமாடிச் சுவரில் ஓடிய பிரதியில் இருட்டுக் காட்சிகளில் முகமே தெரியவில்லை. மர்மப் படத்தில் இருட்டும் ஒரு பாத்திரம்; அது பழுதான பிரதியின் கருமையாகிவிட்டால் இயக்குநரின் பாதி உழைப்பு வீண்.

இதைப் படிப்போருக்கு எங்கள் வேண்டுகோள் ஒன்றே. இயன்றால் முதலில் கிறிஸ்டியின் நாவலை வாசியுங்கள். பின்னர் 1965ஆம் ஆண்டுப் படத்தையும், அதன்பின் 'நடு இரவில்' படத்தையும் அடுத்தடுத்த இரவுகளில் பாருங்கள். தனியே பார்க்க வேண்டா. வீட்டுப் பெரியவர்களோடு, அக்கம்பக்கத்தாரோடு பாருங்கள். பாதியில் நிறுத்திவிட்டு, குற்றவாளி யார் என்று ஒவ்வொருவரையும் கேளுங்கள். அவர்கள் யாரைச் சொல்கிறார்கள் என்பதைக் காட்டிலும், ஏன் அவரைச் சொல்கிறார்கள் என்பதைக் கவனியுங்கள். உங்கள் குடும்பத்தைப் பற்றி இதுவரை அறியாத ஒன்றை அன்றிரவு அறிவீர்கள்.

செட்டிகுளத்தில் மின்சாரம் திரும்பியபோது மணி பதினொன்றை நெருங்கிவிட்டது. பெரியவர் எழுந்து துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். "முடிவப் பாத்துட்டுப் போங்கய்யா" என்றோம். "பாத்துட்டு நீங்க எங்கிட்டச் சொல்லாதீங்க தம்பி. நாளைக்கு எந்தம்பி வீட்டுல காதுகுத்து. நான் நல்ல மனசோட போவணும்" என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினார்.

நாங்கள் முடிவைப் பார்த்தோம். அவரிடம் சொல்லவில்லை. உங்களிடமும் சொல்வதாக இல்லை.